செட்டிநாட்டுக் கதைகளில் தூண்கள் மட்டும் போதுமா?

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

ஞாயிறு இதழ்களில் செட்டிநாட்டைக் களமாகக் கொண்ட சிறுகதைகள் அடிக்கடி வருகின்றன. பலவற்றிலும் முதல் இரண்டு பத்தி பர்மா தேக்குத் தூணுக்கும் ஆத்தங்குடித் தரைக்குமே போய்விடுகிறது. 1,200 சொல் கதையில் வீட்டு வர்ணனைக்கு 80 சொல் தாராளம்.

வீட்டின் அமைப்பைக் கதைக்குள் வேலை வாங்கலாம். முகப்பு ஆண்கள் உட்கார்ந்து பேசும் இடம், பெண்களின் புழக்கம் உள்ளே இரண்டாம் கட்டுப் பகுதியில். கடன் பேச்சு முகப்பில் நடந்தால் உள்ளே யார் காதில் எவ்வளவு விழும் என்று கணக்குப் பார்த்து எழுதுங்கள். அங்கேதான் கதை இருக்கிறது.

பெரிய பிழை சமையற்கட்டில். மாமியாரும் மருமகளும் ஒரே அடுப்புக்குச் சண்டை போடுவதாக எழுதுகிறார்கள். நகரத்தார் (நாட்டுக்கோட்டைச் செட்டியார்) வழக்கத்தில் கல்யாணமான மகனை வேறு வைப்பார்கள். ஒரே கூரை, தனித்தனி உலை. ஆகவே பூசலுக்கு வேறு காரணம் வேண்டும்: வளவைச் (உள்முற்றத்தை) சுற்றியுள்ள அறை, பொதுச் செலவு, சீர்வரிசைச் சாமான். உறவுமுறைப் பெயர்களிலும் இப்படிப் பிழை வருகிறது. அப்பாவின் தாய் அப்பத்தா, அம்மாவின் தாய் ஆயா. பாட்டியை ஆச்சி என்று கூப்பிடுவது திருநெல்வேலிப் பக்கம்.

அடுத்தது காலம். 1942 மார்ச்சில் ரங்கூன் ஜப்பானியர் வசமாகிவிட்டது. அந்த ஆண்டு ஆடியில் கொண்டுவிற்கப் போனவரை, அதாவது தொழிலுக்காகக் கடல்கடந்து போனவரை, அங்கிருந்து கப்பலேற்றினால் கதை அங்கேயே கவிழ்ந்துவிடும்.

கதையோடு அது நிகழும் ஆண்டையும் தனித்தாளில் எழுதி அனுப்பச் சொல்லுங்கள். பாதிப் பிழை உங்கள் மேசையிலேயே பிடிபடும்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
காரைக்குடி.