தனி வரிசை கேட்ட மனு குறித்து

அன்புள்ள பெற்றோர்களுக்கு,

வணக்கம். நரிக்குறவர் குடியிருப்பிலிருந்து இந்த ஆண்டு சேர்ந்த பிள்ளைகளைத் தனி வரிசையில் உட்கார வைக்க வேண்டும், மதிய உணவுக்குத் தனித் தட்டு வேண்டும், இல்லையென்றால் எங்கள் பிள்ளைகளுக்கு மாற்றுச் சான்றிதழைக் கொடுத்துவிடுங்கள் என்று உங்களில் சிலர் கையெழுத்திட்டுத் தந்த மனுவைப் படித்தேன். தனி வரிசையும் கிடையாது, தனித் தட்டும் கிடையாது. சான்றிதழ் கேட்டால் மறுக்காமல் தருவேன். ஆனால் நீங்கள் போய்ச் சேர்க்கும் பள்ளிக்கும் இதே சட்டம்தான்.

மனுவில் ஒரு கேள்வி நியாயமானது: எழுத்தே தெரியாத பிள்ளையை நான்காம் வகுப்பில் எப்படிச் சேர்த்தீர்கள்? 2009ஆம் ஆண்டின் கல்வி உரிமைச் சட்டம் வயதுக்கேற்ற வகுப்பில்தான் சேர்க்கச் சொல்கிறது. விட்டுப்போனதை ஈடுகட்டச் சிறப்புப் பயிற்சியும் தரச் சொல்கிறது. பிறப்புச் சான்றிதழ் இல்லை என்று திருப்பி அனுப்பவும் முடியாது. இந்தப் பிள்ளைகள் வீட்டில் பேசுவது வாக்ரிபோலி. அது குஜராத்திக்கு நெருக்கமான மொழி. தமிழ் எழுத்து பிடிபடச் சில மாதங்கள் ஆகத்தான் செய்யும். பயிற்சி காலை மணி அடிப்பதற்கு முன்பே முடிந்துவிடுகிறது. உங்கள் பிள்ளைகளின் பாடவேளை ஒரு நிமிடமும் குறையவில்லை.

பேன் பற்றியும் எழுதியிருக்கிறீர்கள். ஆரம்ப சுகாதார நிலையத்திலிருந்து வந்தவர்கள் எல்லாத் தலைகளையும் பார்த்தார்கள். பேன் எந்தத் தெருவையும் விட்டுவைக்கவில்லை. மருந்து எல்லோருக்கும் கொடுத்தாயிற்று.

பென்சில் பெட்டி காணாமல் போனால் முதலில் அவர்கள் பையைத்தான் சோதிக்க வேண்டுமாம். அப்படிச் செய்ய மாட்டோம். 'சாமியோவ்' என்று ராகம் போட்டுக் கூப்பிடுவதை உங்கள் பிள்ளைகள் எங்களிடம் கற்கவில்லை. அதை வீட்டிலேயே நிறுத்துங்கள். நரிக்குறவர்கள் 2023 முதல் பழங்குடியினர் பட்டியலில் இருக்கிறார்கள். பள்ளி வாசலில் நின்று அவர்களைச் சாதி சொல்லி இழிவாகப் பேசும் பெரியவர்கள் மீது வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் பாயும்.

2023 மார்ச்சில் சென்னைத் திரையரங்கு ஒன்றில், கையில் டிக்கெட் இருந்தும் ஒரு நரிக்குறவர் குடும்பத்தை உள்ளே விட மறுத்த காணொளியைப் பார்த்து நம் வாட்ஸ்அப் குழுவில் பலர் கொதித்தீர்கள். அந்தப் பெயர்களில் சில இந்த மனுவின் அடியிலும் இருக்கின்றன.

பள்ளி மேலாண்மைக் குழுக் கூட்டம் வரும் வெள்ளிக்கிழமை மாலை 4 மணிக்கு. பாசிமணி வியாபாரத்தை அன்று விட்டுவிட்டுக் குடியிருப்புப் பெற்றோரும் வருகிறார்கள். மனுவைப் பற்றிப் பேச விரும்புவோர் அவர்கள் முன்னிலையில் பேசலாம்.

இப்படிக்கு,
தலைமையாசிரியர்