கையெழுத்து போடுவதற்கு முன்னால்

அன்பு மகளுக்கு,

கம்பெனியை மூடப் போகிறார்கள் என்று நீ போனில் சொன்னதிலிருந்து அதே நினைப்புதான். ஆர்டர் இல்லை, நஷ்டம் என்கிறார்களாம், போன மாதம்வரை ஓவர்டைம் பார்க்கச் சொன்னதும் இவர்கள்தானே. ராத்திரியில் லாரி வந்து மெஷின்களை ஏற்றிக்கொண்டு போகிறது என்றாயே, அதுதான் எனக்கு உறுத்துகிறது. மெஷின் உள்ளே இருக்கிறவரைக்கும்தான் அவர்கள் உங்களைக் கூப்பிட்டுப் பேசுவார்கள்.

1981-இல் ஸ்காட்லாந்தில் கிரீனாக் என்ற ஊரில் லீ ஜீன்ஸ் தைத்துக்கொண்டிருந்த பெண்களுக்கு இது நன்றாகவே தெரிந்திருந்தது. நிர்வாகம் வேலையை வட அயர்லாந்துக்கு மாற்றப் பார்த்தது, அங்கே அரசு மானியம் கிடைக்குமாம். ஹெலன் மொனகன் தலைமையில் சுமார் 240 பேர், பெரும்பாலும் பெண்கள், கதவுக்குப் பின்னால் நாற்காலிகளை அடுக்கிவிட்டு உள்ளேயே உட்கார்ந்துவிட்டார்கள். ஒரு நாள் இரண்டு நாள் இல்லை, ஏழு மாதம். வீட்டில் குழந்தைகளை வைத்துக்கொண்டு எப்படித்தான் சமாளித்தார்களோ! கடைசியில் ஆலை வேறு கைக்கு மாறி ஓடியது, ஆனால் சுமார் 140 பேருக்குத்தான் வேலை மிஞ்சியது, அதையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன்.

அர்ஜென்டினாவின் தலைநகர் பியூனஸ் அயர்ஸில் புருக்மன் தையல் ஆலைப் பெண்கள் இன்னும் ஒரு படி மேலே போனார்கள். 2001 டிசம்பரில் சம்பளம் வராமல், பஸ்ஸுக்குக்கூடக் காசில்லாமல் ஆலையிலேயே தங்கியவர்கள், முதலாளி திரும்பி வராததால் தாங்களே கோட்டு தைத்து விற்க ஆரம்பித்தார்கள். 2003-இல் போலீஸ் துரத்தியும் விடவில்லை, கூட்டுறவு அமைத்துத் திரும்பவும் உள்ளே போனார்கள்.

அப்பாவுக்குப் பயம்தான். தென்கொரியாவில் 1979-இல் மூடிய விக் (பொய்முடி) கம்பெனியின் பெண்கள் எதிர்க்கட்சி அலுவலகத்தில் உட்கார்ந்திருந்தபோது போலீஸ் புகுந்ததில் கிம் கியோங் சுக் என்ற இளம்பெண் செத்துப்போனதைச் சொல்லிக்கொண்டே இருக்கிறார். அவர் பயம் தப்பில்லை. அதனால்தான் சொல்கிறேன், எங்கே போனாலும் கூட்டமாகப் போங்கள், ராத்திரிக் காவலுக்கு யாரையும் தனியாக விடாதீர்கள்.

செட்டில்மெண்ட் என்று தாளை நீட்டினால் அங்கேயே கையெழுத்து போட்டுவிடாதே. படித்துவிட்டுத் தருகிறேன் என்று வாங்கி வை. தனித்தனியாக அறைக்குள் கூப்பிட்டால் போகாதீர்கள். லாரி வந்தால் நேரத்தையும் வண்டி நம்பரையும் எழுதி வை, போட்டோ எடுக்க முடிந்தால் எடு.

அப்புறம், பேரனை நான் வந்து கூட்டிக்கொண்டு வருகிறேன், அவனை நினைத்து நீ பின்வாங்க வேண்டாம். என்றைக்கு வரட்டும்?

அம்மா