முதல் கேள்வியை முதலில் கேளுங்கள்

ஐயா, தேசியக் கொடியை மாற்றும் நாடுகள் பற்றி நேற்று வந்த கட்டுரையைப் படித்தேன். நியூசிலாந்தில் 2015-ல் ‘எந்தப் புதுக் கொடி பிடிக்கும்’ என்று கேட்டுவிட்டு, ‘பழையதா, புதியதா’ என்பதை 2016 மார்ச்சில்தான் கேட்டார்கள், 56.6 சதவீதம் பேர் பழையதே போதும் என்றுவிட்டார்கள். மாற்றம் வேண்டுமா என்பதல்லவா முதல் கேள்வி!

இங்கே புதுச்சேரியில் 1954 நவம்பர் 1 அன்று பிரெஞ்சுக் கொடி இறங்கி மூவர்ணம் ஏறியபோது என் பாட்டி கையால் தைத்த கதர்க் கொடி, ஓரமெல்லாம் பழுப்பேறி, இன்னும் எங்கள் இரும்புப் பெட்டியில் இருக்கிறது, அதைப் பிரிக்கும்போதெல்லாம் அவர் குரல் தழுதழுக்கும். புதுக் கொடி மீது அந்த ஆசை மக்களிடம் இருக்கிறதா என்று, கொடியை மாற்ற நினைக்கும் நாடுகள் முதல் வாக்குச்சீட்டிலேயே கேட்கட்டும். ஆம் என்று வந்தால் சரி, வடிவமைப்புப் போட்டியை அப்புறம் வைக்கட்டும்.

— ஒரு வாசகர், முத்தியால்பேட்டை, புதுச்சேரி