பட்டத்தின் பெயர் வேறு, பாடம் ஒன்று

கும்பகோணம்

அன்புள்ள தேன்மொழிக்கு, அப்பா எழுதுவது.

முதுகலை ஆசிரியர் வேலைக்கான சி.வி.யில் (சான்றிதழ் சரிபார்ப்பில்) டி.ஆர்.பி. (ஆசிரியர் தேர்வு வாரியம்) உன்னைத் தள்ளிவிட்டது என்றதும் வக்கீல் நம்பர் கேட்கிறாய். வக்கீல் அப்புறம். என்ன காரணம் எழுதியிருக்கிறார்கள் என்று முதலில் பார். முதுகலை ஆசிரியர் பணிக்கு பி.எஸ்சி.யும் எம்.எஸ்சி.யும் ஒரே பாடமாகவோ அதற்கு இணையாகவோ இருக்க வேண்டும். உன் எம்.எஸ்சி. தாவரவியல். பி.எஸ்சி. சான்றிதழிலோ 'தாவர உயிரியல் மற்றும் தாவர உயிர்த்தொழில்நுட்பம்' என்றிருக்கிறது. படித்தது அதே பாசியும் பூஞ்சையும்தான். ஆனால் சரிபார்க்கிறவர் பாடத்தைப் பார்ப்பதில்லை, பெயரைத்தான் பார்க்கிறார்.

பெயர் மாறினால், இந்தப் பட்டம் அதற்குச் சமம் என்று சொல்லும் ஜி.ஓ. (அரசாணை) ஒன்றுதான் பேசும். உயர்கல்வித் துறை போடும் இணைத்தன்மை ஆணைகளை டி.என்.பி.எஸ்.சி. இணையதளத்திலும் தொகுத்து வைத்திருக்கிறார்கள். தேடும்போது மூன்றைக் கவனி. உன் பல்கலைக்கழகத்தின் பெயர் அதில் இருக்கிறதா? அரசுப் பணிக்கு இணை என்று சொல்கிறதா? ஆணையின் தேதி என்ன? மேற்படிப்புக்குத் தகுதி என்று பல்கலைக்கழகம் தரும் கடிதத்தை ஆணையாக நினைத்து நீட்டி ஏமாறுகிறவர்கள் நிறையப் பேர். தேதி ஏன் என்றால், விண்ணப்பத்தின் கடைசி நாளில் தகுதி கையில் இருக்க வேண்டும் என்று 1997-லேயே உச்ச நீதிமன்றம் அசோக் குமார் சர்மா வழக்கில் சொல்லிவிட்டது.

ஆணை கிடைத்தால் மனுவோடு இணைத்து, சேர்ந்ததற்கு ஒப்புகை வரும்படி டி.ஆர்.பி.க்கு ஸ்பீடு போஸ்ட்டில் அனுப்பு. கூடவே தகவல் உரிமைச் சட்டத்தில் ஒரு விண்ணப்பம், 10 ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்பு ஒட்டி. 'ஏன் தள்ளினீர்கள்' என்று கேட்காதே, விளக்கம் வராது. உன் கோப்பில் எழுதிய குறிப்பின் நகலைக் கேள். அதற்கு 30 நாள் கெடு.

ஆணையே இல்லையென்றால் வழக்கு கஷ்டம். இது அதற்கு இணையா என்று கோர்ட் தானாக அளந்து சொல்லாது. அது வேலை கொடுப்பவர் தீர்மானிக்க வேண்டியது என்பதை 2018-இல் ஸஹூர் அகமது ராத்தர் வழக்கில் தெளிவாக்கிவிட்டார்கள். அப்போது, பல்கலைக்கழகம் சான்றளித்த முழுப் பாடத்திட்டத்தோடு உயர்கல்வித் துறையின் இணைத்தன்மைக் குழுவுக்குத்தான் போக வேண்டும்.

ஹைகோர்ட்டில் ரிட் மனு போடுவதானால், 'என் மனுவைப் பரிசீலிக்க உத்தரவிடுங்கள்' என்று மட்டும் கேட்க விடாதே. வக்கீலுக்கு அது சுலபம், முதல் நாளே உத்தரவும் வாங்கித் தந்துவிடுவார். எட்டு வாரமோ பன்னிரண்டு வாரமோ கழித்து அதே நிராகரிப்பு இரண்டு பக்கமாக விரிந்து வரும். அதற்குள் கலந்தாய்வு முடிந்து இடமெல்லாம் நிரம்பியிருக்கும். நிராகரிப்பு எழுத்தில் இருந்தால் அதையே ரத்து செய்து, உன்னைத் தேர்வுப் பட்டியலில் சேர்க்கச் சொல்லிக் கேட்க வேண்டும். உன் இனச்சுழற்சிப் பிரிவில் (இடஒதுக்கீட்டு வரிசையில்) ஓர் இடத்தைக் காலியாக வைக்க இடைக்கால உத்தரவும் அதோடே வேண்டும். பட்டியல் ஏற்கெனவே வந்துவிட்டால், உன்னைச் சேர்ப்பதால் இடம் இழக்கக்கூடியவரையும் எதிர்மனுதாரராகச் சேர்க்கச் சொல். சேர்க்காமல் விட்டு, அந்த ஒரே காரணத்தால் விழுந்த வழக்குகள் உண்டு.

இன்னொன்று, தேர்வுக்கான அறிவிக்கையே தப்பு என்று வாதாடாதே. பரீட்சை எழுதி முடித்த பிறகு விதியைக் குறை சொல்ல முடியாது (மதன் லால் வழக்கு, 1995). அறிவிக்கை சரி, அதற்குள் நானும் வருகிறேன் என்பதுதான் உன் வாதம்.

எங்கே போடுவது? தஞ்சை, திருச்சி, புதுக்கோட்டைக்காரர்களுக்கு ஹைகோர்ட்டின் மதுரைக் கிளை. திருவாரூர், நாகை, மயிலாடுதுறைக்குச் சென்னை. காவிரித் தண்ணீர் எல்லாருக்கும் ஒன்றுதான், கோர்ட்டுதான் இரண்டு! நீ விண்ணப்பத்தில் மன்னார்குடி மாமியார் வீட்டு முகவரி போட்டாயா, நம் வீட்டு முகவரியா? டி.ஆர்.பி. இருப்பது சென்னை என்பதால் அங்கே போட்டால் அதிகார வரம்புச் சிக்கல் வராது.

உன் பி.எஸ்சி. மதிப்பெண் பட்டியல்களை அம்மா பீரோவிலிருந்து எடுத்து வைத்திருக்கிறாள். ஐந்தாவது செமஸ்டர் தாள் மட்டும் காணவில்லை. அங்கே இருக்கிறதா என்று இன்றைக்கே பார்த்துச் சொல்.

அப்பா