நாடகத் தட்டைத் திருப்பித் தாருங்கள்: நகர நூலகச் சபைக்கு ஒரு திறந்த மடல்

மதிப்புக்குரிய நகரப் பொது நூலகச் சபையின் தலைவருக்கும் உறுப்பினர்களுக்கும்,

வணக்கம்.

எங்கள் கிளை நூலகத்தின் மேல்மாடியில், சன்னலோரமாக இருந்த கனேடிய நாடக நூல்களின் தட்டு அண்மைய புனரமைப்பின்போது அகற்றப்பட்டதைத் தாங்கள் அறிவீர்கள். அதற்கான தீர்மானம் தங்கள் சபையில்தான் நிறைவேறியது. அதுபற்றி விளக்கம் கேட்டு ஆங்கிலத்தில் நாங்கள் அனுப்பிய கடிதத்துக்கு, எங்கள் கருத்து தங்களுக்கு மிகவும் முக்கியமானது என்று தெரிவிக்கும் தானியங்கிப் பதில் ஒன்று உடனே வந்தது. அதன் பிறகு எதுவும் வரவில்லை. நூலகத்தின் வாசற் கண்ணாடியில் பல மொழிகளில் நல்வரவு எழுதி, அவற்றுள் ஒன்றாக 'வணக்கம்' என்றும் பொறித்திருக்கிறீர்கள். ஆகவே தமிழில் எழுதினால் வாசிக்கவும் அங்கே ஒருவர் இருப்பார் என்ற நம்பிக்கையில் இம்மடலைப் பலரும் பார்க்க எழுதுகிறேன்.

நாங்கள் கேட்பது ஒன்றுதான். அகற்றப்பட்ட கனேடிய நாடக நூல்களையும் அரங்கு பற்றிய நூல்களையும் அச்சுப் பிரதிகளாக மீண்டும் தட்டில் வையுங்கள்.

தங்கள் ஊழியர்கள் எங்களுக்குச் சொன்ன காரணம், அந்த நூல்கள் போதிய அளவு இரவல் போகவில்லை என்பது. (அவர்கள்மேல் எங்களுக்கு எந்த மனக்குறையும் இல்லை. மேலிடத்திலிருந்து வந்த பட்டியலின்படி நூல்களைப் பெட்டிகளில் அடுக்கியவர்கள் அவர்கள். அவர்களில் ஒருவர் அடுக்கும்போது வருந்தியதையும் நாங்கள் அறிவோம்.) நாவலுக்கும் சமையற் குறிப்பு நூலுக்கும் பொருந்தக்கூடிய அந்த அளவுகோல் நாடகத்துக்குப் பொருந்தாது. நாவலை ஒருவர் வீட்டுக்குக் கொண்டுபோய்த் தனியே வாசிக்கிறார். நாடகப் பிரதியை எங்களைப் போன்றவர்கள் மேசையைச் சுற்றி இருந்து, பாத்திரங்களைப் பங்கிட்டுக்கொண்டு, வாய்விட்டு வாசித்து, முடிந்ததும் அங்கேயே வைத்துவிட்டுப் போகிறோம். தங்கள் கூட்ட அறையை முறைப்படி பதிவுசெய்து மாதந்தோறும் நாங்கள் வாசித்த நாடகங்களில் ஒன்றுகூடத் தங்கள் கணினியில் இரவலாகப் பதிவாகியிராது. அறைப் பதிவேட்டைத் திறந்து பார்த்திருந்தால் அங்கே எங்கள் பெயர் வரிசையாக இருந்திருக்கும். ஆனால் அறைக் கணக்கை ஒரு மேசையும் நூற் கணக்கை இன்னொரு மேசையும் பார்க்கின்றன போலும்.

எங்களுக்கு நேர்ந்ததைச் சற்று விரிவாகச் சொல்ல அனுமதிக்க வேண்டுகிறேன்.

கிறீ பூர்வகுடி நாடகாசிரியர் தொம்சன் ஹைவே எழுதி, 1986இல் ரொறன்ரோவில் முதலில் மேடையேறிய 'த ரெஸ் சிஸ்டர்ஸ்' நாடகத்தை நாங்கள் வாசித்துக்கொண்டிருந்தோம். ஒன்ராறியோவின் மனிடூலின் தீவில் இருப்பதாக ஆசிரியர் கற்பனை செய்த பூர்வகுடி ஒதுக்கிடம் ஒன்றில் வாழும் ஏழு பெண்கள், எண்களைக் கூவிப் பரிசு தரும் பிங்கோ ஆட்டங்களில் உலகத்திலேயே பெரியது ரொறன்ரோவில் நடக்கப்போகிறது என்று கேள்விப்பட்டு, காசு சேர்த்துப் புறப்படும் கதை அது. பெலாஜியா என்ற பெண் வீட்டுக் கூரையில் ஏறியிருந்து ஆணியடித்தபடி, இந்த ஊரை விட்டு ரொறன்ரோவுக்குப் போகவேண்டும் என்று சொல்வதோடு நாடகம் தொடங்கும். அவளுக்கு ஊர்த் தெருவுக்குத் தார் போட வேண்டும். அவள் தங்கை பிலோமினாவுக்கு அழகான புதுக் கழிப்பறை ஒன்று வேண்டும். இன்னொருத்திக்கு நல்ல அடுப்பு வேண்டும். எங்கள் குழுவில் அறுபதைத் தாண்டிய பெண்களே அதிகம். தொழிற்சாலையில் இரவு வேலை செய்து, சீட்டுக் கட்டி, அந்தக் காசில் வீட்டுக்கு முற்பணம் சேர்த்த அவர்களுக்கு அந்த ஏழு பேரையும் யாரும் விளக்கிச் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

முதல் அங்கத்தின் பெரும்பகுதியை வாசித்திருந்த வேளையில், புனரமைப்புக்காக நூலகம் மூடப்பட்டது. மீண்டும் திறந்த அன்று மேல்மாடிக்குப் போனோம். தட்டு இருந்த இடத்தில் இரண்டு முப்பரிமாண அச்சு இயந்திரங்கள் இருந்தன. அவற்றில் ஒன்று மஞ்சள் பிளாஸ்டிக்கில் ஓர் ஆமையைச் செய்துகொண்டிருந்தது. கீழே வந்தபோது, வாசலில் நின்ற விலைகுறைப்பு வண்டியில், துணி தைப்பது பற்றிய நூல் ஒன்றுக்கும் பழைய வரி விளக்கக் கையேடு ஒன்றுக்கும் இடையே, நாங்கள் பாதியில் விட்ட நாடகம் இருந்தது. உள்ளட்டையில் 'நீக்கப்பட்டது' என்ற முத்திரை. விலை ஒரு டொலர். முன்னைய வாசகர் ஒருவர் பிலோமினாவின் வசனங்களுக்கெல்லாம் பென்சிலால் மெல்லிய கோடு இழுத்திருந்தார். அந்தக் கோடுகளுக்காகத்தான் அது 'சேதமடைந்தது' என்ற வகையில் சேர்க்கப்பட்டது என்று பிறகு அறிந்தோம். நாடகப் பிரதியில் ஒரு பாத்திரத்தின் வசனங்களுக்குக் கீழே கோடு இருந்தால், அதை யாரோ தம் குரலில் பேசிப் பார்த்திருக்கிறார்கள் என்று பொருள். அந்த நூல் பயன்படவில்லை என்று சொல்லும் பட்டியலுக்கு எதிரான சாட்சியம் அந்த நூலிலேயே இருந்தது.

எங்கள் கையில் எஞ்சிய அந்த ஒற்றைப் பிரதியை வைத்துக்கொண்டு ஏழு பேர் வாசித்தார்கள். நாங்கள் நிறுத்தியிருந்த இடம், கடையில் அந்தப் பெண்கள் ஒருவரையொருவர் திட்டித் தீர்க்கும் சண்டைக் கட்டம். ஒருத்தியின் பேச்சின்மேல் இன்னொருத்தியின் பேச்சு விழவேண்டும். யார் என்ன சொன்னார் என்று தெரியாத அளவுக்கு ஆரவாரம் ஏறவேண்டும். ஆனால் திட்டு வாங்கியவர் பதில் திட்டுவதற்குப் புத்தகம் தம் கைக்கு வரும்வரை காத்திருந்தார். வந்ததும் கண்ணாடியைச் சரிசெய்து, வரியைத் தேடி, திட்டிவிட்டு, "இந்தாங்கோ அக்கா" என்று மரியாதையாக அடுத்தவரிடம் நீட்டினார். கனடாவில் வங்கியிலும் மருந்தகத்திலும் வரிசையில் நிற்கப் பழகிவிட்டோம். வரிசையில் நின்று சண்டை பிடித்தது அன்றுதான். முதலில் எல்லோரும் சிரித்தோம். மூன்றாம் பக்கத்தில் சிரிப்பு நின்றுவிட்டது. பிலோமினாவின் பகுதியை ஆசையோடு எடுத்திருந்தவர், தமக்குக் கண் வலிக்கிறது என்று சொல்லி அதை இன்னொருவரிடம் கொடுத்துவிட்டார். அடுத்த மாதம் அவர் வரவில்லை.

மின்வடிவில் பெறலாமே என்று தங்கள் இணையத்தளம் அறிவுரை கூறுகிறது. நாங்கள் தேடிய நாடகங்களில் பல அங்கே இல்லை. இருந்தவற்றிலும் ஒரு மின்பிரதியை ஒரு நேரத்தில் ஒருவர்தான் இரவல் எடுக்க முடிகிறது. ஒருவர் வாசிக்கும்போது மற்றவர்கள் காத்திருப்போர் பட்டியலில் இருக்க வேண்டும் என்றால், அது நாடகத்துக்கு எந்த வகையில் உதவும்? ஆளுக்கொன்று வாங்கிக்கொள்ளுங்கள் என்று சொல்வோரும் உண்டு. ரொறன்ரோவில் நாடக நூல்களுக்கென்றே இருந்த 'தியேட்டர்புக்ஸ்' கடை 2014இல் மூடப்பட்டுவிட்டது. அதைவிட முக்கியமாக, ஆளுக்கொன்று வாங்க இயலாதவர்களுக்காகவே பொது நூலகம் என்ற ஏற்பாடு இருக்கிறது என்று நாங்கள் எண்ணியிருந்தோம்.

எங்கள் அடுத்த தெரிவு கியூபெக் நாடகாசிரியர் மிஷெல் ட்ராம்ப்ளேயின் 'லே பெல்-ஸர்'. 1968இல் மொன்றியலில் மேடையேறிய அந்த நாடகத்தில் பதினைந்து பெண்கள். ஏடுகளில் ஒட்டிக் கொடுத்தால் வீட்டுப் பொருள்கள் கிடைக்கும் பரிசு முத்திரைகளில் ஒரு மில்லியனை வென்ற ஜெர்மேன், அவற்றை ஒட்டுவதற்கு உறவையும் அயலையும் சமையலறைக்கு அழைக்க, வந்தவர்கள் ஒட்டிக்கொண்டே திருடுகிறார்கள். பிங்கோவைப் போற்றிச் சில பெண்கள் ஒரே குரலில் பேச, வேறு சிலர் குறுக்கே எண்களைக் கூவும் பகுதி ஒன்று அதில் உண்டு. அதை ஒற்றைப் பிரதியில் எப்படி வாசிப்பது என்று தங்கள் சபை அடுத்த கூட்டத்தில் செய்து காட்டினால், வந்து பார்த்துக் கற்றுக்கொள்ள நாங்கள் ஆயத்தமாக இருக்கிறோம்.

எவை எஞ்சியிருக்கின்றன என்பதையும் பாருங்கள். நாடகக் குழுவொன்று ஷேக்ஸ்பியரின் 'டெம்பெஸ்ட்' நாடகத்தைத் தயாரிக்கப் படும் பாட்டைச் சொல்லும் ராபர்ட்சன் டேவிஸின் 1951ஆம் ஆண்டு நாவல் இருக்கிறது. அதே 'டெம்பெஸ்ட்'டைச் சிறைக்கைதிகளைக் கொண்டு மேடையேற்றும் இயக்குநரைப் பற்றி மார்கரெட் அற்வூட் 2016இல் எழுதிய நாவல், பல பிரதிகள் இருக்கிறது. இரண்டும் நல்ல நாவல்கள். ஆனால் அரங்கைப் பற்றிய கதை இருக்க, அரங்கின் பிரதிகள் போய்விட்டன. ஷேக்ஸ்பியரின் 'ஒதெல்லோ' பல பதிப்புகளில் பத்திரமாக இருக்கிறது. அதனோடு வழக்காடும் ஜனெற் சியர்ஸின் 'ஹார்லெம் டூயெற்' இல்லை. ஆளுநர் நாயகத்தின் இலக்கிய விருது பெற்ற நாடகம் அது. கொழும்பில் பிறந்த மைக்கேல் ஒண்டாச்சியின் நாவல்களைத் தெற்காசிய மரபுத் திங்களுக்கு வாசலிலேயே அடுக்கி வைக்கிறீர்கள், மகிழ்ச்சி. 1972இல் ரொறன்ரோவின் தியேட்டர் பாஸ் முறாய் நாடகக் குழுவினர் ஒன்ராறியோவின் கிளின்ரன் பகுதிக்குப் போய், விவசாயிகளோடு பழகி, களஞ்சியக் கொட்டில் ஒன்றில் நிகழ்த்திய 'த ஃபார்ம் ஷோ'வை ஆவணப்படமாக்கியவரும் அவர்தான் என்பதை அறிந்துகொள்ள விரும்பும் இளைஞருக்கு, அந்தக் குழுவைப் பற்றிய நூல் ஒன்றும் தங்கள் தட்டில் இப்போது கிடையாது. பூர்வகுடி அரங்கைப் பற்றி இவெற் நோலன் எழுதிய 'மெடிசின் ஷோஸ்' போய்விட்டது. ஜெரி வாசர்மன் தொகுத்த 'மொடர்ன் கனேடியன் பிளேஸ்' என்ற நாடகத் தொகுப்பு போய்விட்டது. 1974 முதல் வரும் 'கனேடியன் தியேட்டர் ரிவியூ' ஆய்விதழின் பழைய இதழ்கள் மீள்சுழற்சிக்கு அனுப்பப்பட்டன என்று கேள்விப்பட்டோம். கட்டுரைகளோடு முழு நாடகப் பிரதிகளையும் வெளியிட்டுவரும் இதழ் அது. கூட்டங்களின் தொடக்கத்தில் பூர்வகுடி மக்களின் நிலத்தில் நிற்கிறோம் என்று தவறாமல் வாசிக்கும் சபை, அம்மக்களின் நாடகங்களையும் வாசித்திருக்கலாம்.

கனேடிய நாடகங்கள் தட்டுக்கு வந்ததே ஒரு போராட்டத்தின் பின்னர்தான். 1971இல் கியூபெக்கின் கஸ்பேயில் கூடிய நாடகாசிரியர்கள், அரச நிதி பெறும் அரங்குகள் தயாரிக்கும் நாடகங்களில் பாதியாவது இந்நாட்டு நாடகங்களாக இருக்க வேண்டும் என்று கேட்க நேர்ந்தது. அடுத்த ஆண்டு ரொறன்ரோவில் கூட்டுறவாகச் சேர்ந்து, தட்டச்சுப் பிரதிகளாகவேனும் தங்கள் நாடகங்களைத் தாங்களே பரப்பத் தொடங்கினார்கள். அதே 1972இல் ட்ராம்ப்ளேயின் 'லே பெல்-ஸர்' நாடகத்தைப் பாரிசுக்குக் கொண்டுபோக நிதி தர கியூபெக்கின் கலாசார அமைச்சு மறுத்தது. 1973இல் அது பாரிசில் மேடையேறியது. பிற்காலத்தில் ஸ்கொட்ஸ் மொழியிலும் யித்திஷ் மொழியிலும் பேசப்பட்டது. எது மக்களுக்கு வேண்டியது, எது வேண்டாதது என்று மேசையிலிருந்து தீர்மானிப்பவர்களின் வரலாறு கனேடிய அரங்கில் நீளமானது. அந்த வரிசையில் தங்கள் சபையும் சேரவேண்டும் என்ற கட்டாயம் எதுவும் இல்லை.

பேச்சு வேறு பக்கம் போய்விட்டது. கேட்க வந்ததைக் கேட்கிறேன். எண்ணிக்கைதான் தங்களுக்கு வேண்டும் என்றால், எதை எண்ணுவது என்பதற்கு நாட்டளவில் ஒரு முன்மாதிரி இருக்கிறது. 1986இல் தொடங்கிய பொது இரவல் உரிமைத் திட்டத்தின்கீழ், தம் நூல்கள் நூலகங்களில் இருப்பதற்காகக் கனேடிய எழுத்தாளர்களுக்கு ஆண்டுதோறும் ஒரு தொகை வழங்கப்படுகிறது. எத்தனை முறை இரவல் போனது என்று அது பார்ப்பதில்லை. நூலகங்களின் பட்டியலில் நூல் இருக்கிறதா என்றே பார்க்கிறது. நாடகாசிரியர்களும் அதில் அடக்கம். தாங்கள் ஒரு நாடகத்தைப் பட்டியலிலிருந்து நீக்கும்போது, எங்களைப் போன்ற வாசகர்களோடு, பெரும்பாலும் வசதியற்றவரான அதன் ஆசிரியரும் பாதிக்கப்படலாம் என்பதைக் கருத்தில் கொள்ளுங்கள்.

அச்சு இயந்திரங்களை அகற்றச் சொல்லி நாங்கள் கேட்கவில்லை. பிள்ளைகள் ஆமை செய்யட்டும். நாடகப் பிரதிகள் மெல்லியவை. ஓர் இயந்திரம் நிற்கும் மேசைக்கு அடியில் உள்ள இடம் அந்தத் தொகுப்பு முழுவதற்கும் போதும். அகற்றப்பட்டவற்றுள் இன்னும் விற்கப்படாமல் களஞ்சிய அறையில் இருக்கும் நூல்களின் விற்பனையை உடனடியாக நிறுத்தி, அவற்றை மீண்டும் தட்டில் வையுங்கள். விற்றுப்போனவற்றுள் முக்கியமானவற்றை மீண்டும் வாங்குங்கள். குழுவாக வாசிக்கக்கூடிய நாடகங்களிலேனும் ஒன்றுக்கு மேற்பட்ட பிரதிகளை, பிற கிளைகளிலிருந்து ஒருங்கே வரவழைக்க வழிசெய்யுங்கள். இனிமேல் நாடக நூல்களை நீக்குமுன் இரவற் கணக்கோடு அறைப் பதிவேட்டையும் பாருங்கள். இவற்றைத் தங்கள் அடுத்த பொதுக் கூட்டத்தின் நிகழ்ச்சிநிரலில் சேர்த்து, எங்களில் இருவர் பேச நேரம் ஒதுக்கி, அதை எழுத்தில் அறியத் தருமாறு மிகுந்த பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன். ஒரு டொலருக்கு நாங்கள் வாங்கிய 'த ரெஸ் சிஸ்டர்ஸ்' பிரதியையும் அன்று கொண்டுவருவோம். வைப்பதற்குத் தட்டு இருந்தால், பென்சிற் கோடுகளோடு அதை அன்பளிப்பாகவே தந்துவிடுகிறோம்.

இவ்வண்ணம்,
தங்கள் கிளை நூலகத்தின் நாடக வாசிப்புக் குழு சார்பில்,
ஓர் உறுப்பினர்