நான்கு மணியும் அரைப் பக்கமும்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். எழுத விரும்புவோர் விடியற்காலை நான்கு மணிக்கு எழுந்து, பச்சைத் தண்ணீரில் குளித்து, நடைப்பயிற்சியும் தியானமும் முடித்துவிட்டு எழுத உட்கார வேண்டும் என்று அறிவுறுத்தும் கட்டுரையைத் தங்கள் ஞாயிறு இணைப்பில் படித்தேன். கட்டுரையாளர் சமவெளியில் வசிப்பவராக இருக்க வேண்டும். ஏறத்தாழ 1,800 மீட்டர் உயரத்திலுள்ள எங்கள் கோத்தகிரியில் மார்கழி, தை மாதங்களில் அந்த நேரத்துக்குப் பச்சைத் தண்ணீரைத் தொடுவோர் அரிது; இருட்டில் நடக்கப் போனாலோ, எதிரே நிற்பது கரடியா காட்டெருமையா என்பதுதான் கேள்வி.

வேடிக்கைக்காக இதைச் சொல்லவில்லை. சிறு தேயிலை விவசாயியான நானும் ஒரு காலத்தில் இத்தகைய பட்டியலைச் சுவரில் ஒட்டி இரண்டு மாதம் பின்பற்றினேன். எழுந்தேன், மூச்சுப் பயிற்சி செய்தேன், புதுக் குறிப்பேட்டில் ஓரக்கோடு போட்டேன். கதை மட்டும் ஒரு வரியும் நகரவில்லை. ஆயத்தமே எழுதிவிட்டதைப் போன்ற நிறைவைத் தந்துவிட்டது.

இப்போது, கொழுந்து பறிக்க ஆட்கள் எட்டு மணிக்கு வருமுன், ஆறு முதல் ஏழு வரை அடுப்பங்கரையில் உட்காருகிறேன். விரல் விறைக்காத இடம் வீட்டில் அது ஒன்றுதான். முந்தைய நாள் ஒரு வாக்கியத்தைப் பாதியில் நிறுத்தி வைப்பேன். காலையில் அதை முடிக்கும்போதே அடுத்தது வந்துவிடும். அரைப் பக்கம் ஆகும்வரை கைபேசியைத் தொடுவதில்லை. தேயிலையில் பறிப்புச் சுற்று வரும் நாளில் மழை, குளிர் என்று தள்ளிப்போட்டால், இரண்டு இலையும் ஒரு மொட்டுமாக இருந்த கொழுந்து முற்றிப்போய்த் தொழிற்சாலையில் விலை குறைந்துவிடும். மனநிலை வரட்டும் என்று நான் விட்டுவைத்த கதைகளும் அப்படியே முற்றிப்போயின.

கட்டுரை அறவே விட்டுவிட்டது, எழுதியதை அனுப்புவதைப் பற்றி. தபால்தலை ஒட்டிய உறையையும் சேர்த்து அனுப்பிய நாட்களில், கதை திரும்பி வந்தாலாவது விவரம் தெரிந்தது. மின்னஞ்சலுக்குப் பெரும்பாலும் மௌனமே விடை. அதற்கு அஞ்சிப் பெட்டியில் பூட்டி வைத்தவை என்னிடம் பல உண்டு. ஆகவே மாதத்தின் முதல் தேதியன்று, திருத்தியது போதாது என்று தோன்றினாலும், ஒரு கதையை ஏதேனும் ஓர் இதழுக்கு அனுப்பிவிடுகிறேன். இதுவரை அனுப்பிய பதினொன்றில் இரண்டு அச்சேறின.

தோட்டத் தொழிலாளரும் பேருந்து நடத்துநரும் இரவுப்பணிச் செவிலியரும் எந்த நேரத்தில் எழுதுகிறார்கள் என்று கேட்டு வெளியிடுமாறும், தங்கள் இணைப்புக்கு வரும் படைப்புகளின்மேல் எத்தனை வாரத்தில் முடிவு தெரியும் என்பதை ஒரு வரியிலாவது அச்சிடுமாறும் வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
வாசகர் ஒருவர்,
கோத்தகிரி, நீலகிரி மாவட்டம்.