காலத்தை நிறுத்தும் கல்லுக்கு ஒரு குணம் வேண்டும்

அன்பு மருமகளுக்கு,

அத்தை எழுதுவது. உன் கதையைப் படித்தேன். கிணறு வெட்டும்போது கிடைக்கும் நீலக் கல், அதை இறுக்கிப் பிடித்தால் சுற்றிலும் நேரம் நின்றுவிடுவது, தாத்தாவின் கடைசி மூச்சை அந்தப் பெண் நிறுத்தி வைப்பது. அந்தப் பக்கத்தில் என்னால் மேலே நகர முடியவில்லை. நன்றாக எழுதுகிறாய். அதனால்தான் இதைச் சொல்கிறேன்: உன் கல்லுக்குக் குணம் இல்லை. அவள் கேட்டால் வேலை செய்கிறது, வியாபாரி கேட்டால் மறுக்கிறது. அந்த இடங்களில் கல் மறைந்து, எழுதும் உன் கைதான் தெரிகிறது.

ஈர்ப்பு விசையைக் காரணமாகக் காட்டு என்று யாராவது சொல்வார்கள். வேண்டாம். நிறைக்கு அருகே நேரம் மெதுவாக ஓடுவது உண்மைதான். ஆனால் ஐந்து சென்டிமீட்டர் ஆரமுள்ள ஒரு கல்லின் மேற்பரப்பில் நேரம் பாதி வேகத்தில் ஓட வேண்டுமானால், நான்கு பூமிகளின் நிறை அதற்குள் அடங்க வேண்டும். அதை எந்தக் கிணறும் தாங்காது. கல் நேரத்தை நிறுத்தும் என்ற ஒரே ஒரு பொய்யை வாசகர் ஏற்றுக்கொள்வார். மற்றதெல்லாம் கல்லைப் போல நடந்துகொள்ள வேண்டும்.

அதற்குச் சிர்கான் என்ற கனிமத்தைப் பார். பாறைக் குழம்பு ஆறி இறுகும்போது இந்தப் படிகம் வளர்கிறது. வளரும்போது யுரேனிய அணுக்களைத் தன் கட்டமைப்புக்குள் ஏற்றுக்கொள்கிறது, ஈயத்தை ஏறக்குறைய முழுவதுமாக விலக்கிவிடுகிறது. பிறகு உள்ளே இருக்கும் யுரேனியம் மெல்லச் சிதைந்து ஈயமாகிறது. யுரேனியம்-238இல் பாதி அப்படி மாறுவதற்கு 447 கோடி ஆண்டுகள் ஆகும். ஆகவே சிர்கானுக்குள் இன்று காணும் ஈயம் அங்கேயே பிறந்தது. இரண்டின் விகிதத்தை அளந்தால் கல்லின் வயது கிடைத்துவிடும். மேற்கு ஆஸ்திரேலியாவின் ஜாக் ஹில்ஸ் குன்றுகளில் கிடைத்த ஒரு துகளின் வயது 440 கோடி ஆண்டுகள் என்று 2001இல் அறிவித்தார்கள். அது பிறந்த பாறை எப்போதோ அழிந்துபோயிற்று. நம் மணவாளக்குறிச்சிக் கடற்கரை மணலிலும் சிர்கான் உண்டு. ஈர மணலை அள்ளும்போதெல்லாம் எனக்கு இந்த நினைப்புதான் வரும்.

உன் கதைக்குத் தேவையானது இதற்கு அடுத்ததாக நடப்பது. ஒவ்வொரு அணு சிதையும்போதும் அது உதைபட்டுப் பக்கத்து அணுக்களை இடம்பெயர்க்கிறது. காலத்தைச் சேர்த்து வைக்க வைக்கப் படிகம் ஒழுங்கு குலைகிறது. பருக்கிறது, விரிசல் விடுகிறது. இலங்கையின் இரத்தினக் கற்களோடு கிடைக்கும் பச்சைச் சிர்கான்களில் பல இப்படி உள்ளுக்குள் நொறுங்கியவை. (மாத்தறை வைரம் என்ற பெயரில் விற்ற நிறமற்ற கல்லும் சிர்கான்தான்.) விரிசல் வழியே ஈயம் கசிந்துவிட்டால் கல் தன் வயதைக் குறைத்துச் சொல்லும். சூடாக்கினால் குலைந்த ஒழுங்கு ஓரளவு திரும்பும், போன ஈயம் திரும்பாது.

அதன் பாதிப்பு அதோடு நிற்பதும் இல்லை. கருப்பு மைக்காவுக்குள் சிர்கான் பொதிந்திருந்தால், அதைச் சுற்றி மைக்காவில் ஒரு கருவளையம் விழுந்திருக்கும். மாணவர்களுக்கு இதை நுண்ணோக்கியில் காட்டும்போது வகுப்பு சட்டென்று அமைதியாகிவிடும். தனக்குள் நடக்கும் சிதைவால் அண்டைக் கல்லையும் கருக்கும் ஒரு துகள். உன் கதாநாயகி அந்த நீலக் கல்லை இடுப்பு முடிச்சில் வைத்துக்கொண்டு ஊரெல்லாம் நடக்கிறாள். அவள் தோலில் ஒன்றுமே ஆகாதா?

இன்னொரு குணமும் உண்டு. மண்ணுக்குள் புதைந்த குவார்ட்ஸ், ஃபெல்ஸ்பார் கனிமத் துகள்கள் சுற்றியுள்ள கதிர்வீச்சை வாங்கி, எலக்ட்ரான்களைத் தம் படிகக் குறைகளில் சிறைப்பிடித்து வைக்கும்; அப்படிச் சேர்ந்தது எவ்வளவு என்பதே அவை புதைந்து கிடந்த காலத்தின் கணக்கு. வெயில் பட்டால் அத்தனையும் விடுபட்டு, கணக்கு மறுபடியும் பூஜ்யத்திலிருந்து தொடங்கும். அதனால் ஒளி படாமல் குழாயை இறக்கி மண்ணை எடுத்து, மங்கிய செவ்வொளியில் திறப்பார்கள். திருவள்ளூர் மாவட்டத்து அத்திரம்பாக்கத்தில் தொல்லியலாளர் சாந்தி பப்புவின் குழு இவ்வகை முறையில்தான் கற்கருவிகள் இருந்த ஒரு மண்ணடுக்கு சுமார் 3,85,000 ஆண்டுகளுக்கு முந்தையது என்று கணித்து 2018இல் வெளியிட்டது. உன் நீலக் கல்லோ நடுப்பகலில் வெட்டவெளியில் கைமாறுகிறது. பல காலம் இருட்டில் கிடந்த ஒன்றுக்கு முதல் வெயில் ஒரு பெரிய சம்பவம். நீ அதை ஒரு வரிகூட எழுதவில்லை.

இவற்றை அப்படியே கதையில் கொட்டச் சொல்லவில்லை. சிர்கான் என்ற பெயரே வர வேண்டாம். நிறுத்திய நேரத்தைக் கல் எங்கே வைக்கிறது, அதற்குள் எவ்வளவு கொள்ளும், நிறைந்தால் என்ன ஆகும் என்பது மட்டும் உனக்குத் தெரிந்திருக்க வேண்டும். அது தெரிந்தால் தாத்தாவின் மூச்சுக்கு ஒரு விலை வரும், அவள் இன்னொரு முறை கல்லை இறுக்கும்போது நமக்குப் பயம் வரும்.

மூன்றாம் அத்தியாயத்திலிருந்து திருத்தத் தொடங்கு. வியாபாரி கல்லை உலையில் போடுகிறான், எதுவும் நடக்கவில்லை என்று எழுதியிருக்கிறாய். நடக்கட்டும். விரிசல்கள் மூடி, கல் புதிதாக வெளியே வரட்டும். அதுவரை அது பிடித்து வைத்திருந்த நேரம் உலையருகே நிற்கும் யார் மேல் இறங்குகிறது என்பதை நீ முடிவு செய்து எழுதி அனுப்பு.

அன்புடன்,
அத்தை